மேளத்தை விரட்டிவிட்டு எந்த உலகத்தை வெல்வது?

ராஜபாளையம், ஸ்ரீவில்லிபுத்தூர் வட்டாரத் திருவிழாக்களில் நையாண்டி மேளத்துக்கு இனி இடமில்லை என்று வாதிடும் கட்டுரை ஒன்றைப் படித்தேன். அதை எழுதியவர் சாட்சிக்கு இழுத்துவந்திருப்பது நைஜீரியாவை. அந்த நாட்டுப் பாடகர்கள் தாய்மொழியை விட்டு ஆங்கிலத்துக்கு மாறினார்கள், பழைய கொட்டுகளை ஒதுக்கிவிட்டுக் கணினியைப் பிடித்தார்கள், வெளிநாட்டுக் கம்பெனிகள் பணத்தைக் கொட்டின, அதனால் லண்டனும் நியூயார்க்கும் இன்று அவர்கள் பாட்டுக்கு ஆடுகின்றன என்கிறார். நாமோ உறுமியையும் உடுக்கையையும் வில்லையும் சுமந்துகொண்டு பின்தங்கிக் கிடக்கிறோமாம். சினிமாப் பாட்டு இருக்கும்போது இவற்றுக்கு ஊர்ப் பணத்தைச் செலவழிப்பது வீண் என்று முடிக்கிறார்.

நைஜீரியாவைப் பற்றி அவர் சொன்னவற்றில் பெரும்பகுதி தவறு. நம் ஊரைப் பற்றிச் சொன்னவை அதைவிட மோசம். அவை மேளம் வாசித்துப் பிழைக்கும் மனிதர்களின் வயிற்றில் கை வைக்கின்றன. ஆகவே ஒவ்வொன்றாக எடுத்துப் பதில் சொல்கிறேன்.

முதலில் மொழி. நைஜீரியப் பாடகர் ஃபெலா குட்டி 1970களில் பாடியது பள்ளிக்கூட ஆங்கிலத்தில் இல்லை. சந்தையிலும் பேருந்திலும் புழங்கும் பிட்ஜினில் பாடினார். யொருபா பேசுபவரும் இக்போ பேசுபவரும் ஒருவரோடு ஒருவர் பேசிக்கொள்ள உருவாக்கிக்கொண்ட தெருமொழி அது. இங்கிலாந்துக்காரர்களுக்குப் புரியவேண்டும் என்று அவர் அதைத் தேர்ந்தெடுக்கவில்லை. ஆப்பிரிக்காவின் சாமானியர்களுக்குப் புரியவேண்டும் என்பதே அவர் எண்ணம். இன்றைய பாடகர் ஆசாகே பெரும்பாலும் யொருபாவில் பாடுகிறவர். 2023இல் அவர் பாடிய லண்டன் ஓ2 அரங்கில் சுமார் இருபதாயிரம் பேர் கூடினார்கள். சிகே 2019இல் வெளியிட்ட ‘லவ் ன்வாண்டிட்டி’ தலைப்பிலேயே இக்போவைச் சுமந்துகொண்டு 2021இல் டிக்டாக் வழியே கண்டம் கண்டமாகப் பரவியது. ரெமாவின் ‘காம் டவுன்’ ஆங்கிலம் மிகுந்த பாட்டுத்தான். 2023இல் அமெரிக்காவின் பில்போர்டு ஹாட் 100 பட்டியலில் மூன்றாம் இடம்வரை போனது. ஆனால் அந்த ஆங்கிலமும் பெனின் சிட்டி இளைஞர் ஒருவரின் நாக்கில் வளைந்து, அவருடைய ஊர் ராகத்தில் ஒலிக்கும் ஆங்கிலம். அவர் லண்டன்காரரைப் போலப் பாட முயலவில்லை. முயன்றிருந்தால் லண்டனில் ஏற்கெனவே இருக்கும் ஆயிரம் பேரில் ஒருவராகக் காணாமல் போயிருப்பார்.

தமிழ் கடல் தாண்டாது என்று எழுதும் துணிச்சல் இந்த மனிதருக்கு ஸ்ரீவில்லிபுத்தூரை வைத்துக்கொண்டே வந்திருப்பதுதான் என்னைக் கொதிக்க வைக்கிறது. ஆண்டாளின் திருப்பாவைப் பாசுரங்கள் முப்பதும் அந்த ஊரில் பிறந்தவை. மார்கழி மாதம் திருமலையில் சுப்ரபாதத்தை நிறுத்திவிட்டுத் திருப்பாவையைத்தான் பாடுகிறார்கள். தெலுங்கு நாட்டிலும் கன்னட நாட்டிலும் தமிழ் எழுத்தே தெரியாதவர்கள் தங்கள் லிபியில் எழுதிவைத்துக்கொண்டு அதே தமிழைப் பாடுகிறார்கள். பதினாறாம் நூற்றாண்டில் விஜயநகரப் பேரரசர் கிருஷ்ணதேவராயர் தெலுங்கில் ‘ஆமுக்தமால்யதா’ என்ற காவியத்தை இயற்றியபோது கதைக்களமாக எடுத்துக்கொண்டது இந்த ஸ்ரீவில்லிபுத்தூரை. தாய்லாந்து அரசவைப் பிராமணர்கள் ஆண்டுதோறும் ஒரு சடங்கில் பாவைப் பாடல்களை ஓதிவந்திருக்கிறார்கள். அந்தச் சடங்கோடு சேர்ந்த ஊஞ்சல் விழா பாங்காக்கில் 1935 வரை நடந்தது. ஒலித்தட்டும் வானொலியும் இல்லாத காலத்தில் இந்தப் பாட்டு இவ்வளவு தூரம் போயிருக்கிறது. போன இடமெல்லாம் தமிழாகவே போயிருக்கிறது. இதே ஊர்க் காற்றைச் சுவாசித்துக்கொண்டு, தமிழில் பாடினால் செங்கோட்டை தாண்டாது என்று எழுதுவது அறியாமை. அறிந்தே எழுதியிருந்தால் அது துரோகம்.

அடுத்தது, பழையதைத் தூக்கிப் போட்டார்கள் என்ற கதை. நைஜீரிய இசை வரலாற்றில் ஒரு பக்கத்தையாவது புரட்டியவர் இதை எழுதமாட்டார். ரமலான் மாதத்தில் யொருபா முஸ்லிம் இளைஞர்கள் விடியுமுன் வீதிவீதியாகப் பாடிக் கொட்டி நோன்பாளிகளை சஹருக்கு எழுப்புவார்கள். அந்தத் தெருப்பாட்டிலிருந்து சிகிரு அயிண்டே பாரிஸ்டர் போன்றவர்கள் ஃபூஜி என்ற இசையை உருவாக்கினார்கள். அந்த ஃபூஜியின் குரலும் குழுப்பாட்டும்தான் இன்று ஆசாகேயின் பாடல்களில் கேட்கின்றன. கிங் சன்னி அடே 1982இல் உலகச் சந்தைக்குள் நுழைந்தபோது கிதாருக்குப் பக்கத்தில் யொருபாவின் பேசும் மேளத்தை வைத்துக்கொண்டுதான் நுழைந்தார். இடை சிறுத்த அந்த மேளத்தைக் கக்கத்தில் இடுக்கி, வாரை அழுத்தி அழுத்திச் சுருதியை ஏற்றி இறக்குவார்கள். ஃபெலா லண்டன் டிரினிட்டி கல்லூரியில் இசை படித்தவர். ஜாஸ் இசையும் ஹைலைஃப் இசையும் கற்றவர். அவருடைய ஆஃப்ரோபீட் உருவானதோ டோனி ஆலன் என்ற டிரம்மர் அவற்றோடு யொருபாத் தாளங்களைப் பிணைத்த பிறகு. 2021இல் கிராமி விருது பெற்ற பர்னா பாயின் தாய்வழித் தாத்தா பென்சன் இடோனிஜே ஒருகாலத்தில் ஃபெலாவின் மேலாளர். தாத்தா காலத்து இசையை இவர்கள் எங்கே தூக்கிப் போட்டார்கள்? அதன்மேல் ஏறி நின்றல்லவா பாடுகிறார்கள்! கணினி அவர்களிடம் இருக்கிறது, உண்மை. அந்தக் கணினிக்குள் போய் உட்கார்ந்திருக்கும் தாளம் அவர்களுடைய ஊர்த் தாளம்.

விடியுமுன் வீதியில் நின்று ஊரை எழுப்பும் பாட்டு நமக்கும் இருக்கிறது; ஸ்ரீவில்லிபுத்தூரில் பிறந்த திருப்பாவைதான் அது. இடை சிறுத்து, கயிற்றை அழுத்தினால் சுருதி மாறும் மேளம் நமக்கும் இருக்கிறது; உடுக்கை என்று பெயர். அரையர்கள் கையில் தாளத்தோடு பாசுரத்தைப் பாடி, அபிநயித்து, பொருள் சொல்லும் அரையர் சேவை தமிழ்நாட்டில் ஸ்ரீரங்கம், ஆழ்வார்திருநகரி, ஸ்ரீவில்லிபுத்தூர் என மூன்று கோயில்களில் மட்டும் உயிரோடு இருக்கிறது. உறுமிக்கு ஆடும் தேவராட்டம் இந்தக் கரிசல் பக்கத்துச் சொத்து. வில்லுப்பாட்டில் நாடறிந்த பிச்சைக்குட்டி பக்கத்துச் சாத்தூர்க்காரர். இத்தனை கையிருப்பை வைத்துக்கொண்டு, நம்மிடம் உலகுக்குக் கொடுக்க எதுவும் இல்லை என்று எழுதுகிறார் கட்டுரையாளர். ஃபூஜிக்காரர்கள் செய்ததைச் செய்ய நமக்குப் பொருள் குறைவில்லை. அதைப் பொருளாக மதிக்கும் மனம்தான் குறைவு.

மூன்றாவது, பணமும் அரசும் கொடுத்த வெற்றி என்பது. நைஜீரிய அரசு ஃபெலாவுக்குக் கொடுத்தது என்ன தெரியுமா? 1977இல் ராணுவத்தினர் அவருடைய கலாகூட்டா குடியிருப்புக்குள் புகுந்து, அடித்து நொறுக்கி, தீ வைத்தார்கள். விடுதலைப் போராட்டத்திலும் பெண்ணுரிமைப் போராட்டத்திலும் முன்னின்ற அவருடைய தாயார் ஃபுன்மிலாயோ ரான்சம் குட்டியை மாடிச் சன்னல் வழியே கீழே தள்ளினார்கள். அடுத்த ஆண்டு அவர் இறந்தார். அதற்குப் பிறகும் ஃபெலா பாடினார். 2000க்குப் பிறகு வந்த தலைமுறைக்கோ நிலையான மின்சாரம்கூட இல்லை. ஜெனரேட்டர் ஓட்டிப் பாட்டுப் பதிந்தார்கள். லாகோஸின் அலாபா சந்தையில் திருட்டு சிடி விற்றவர்களிடமே தங்கள் பாட்டைக் கொடுத்து ஊர் ஊராகப் பரப்பினார்கள். இசைத் தயாரிப்பாளர் டான் ஜாசி 2004இல் நண்பர் டிபாஞ்சோடு சேர்ந்து மோ ஹிட்ஸ் நிறுவனத்தைத் தொடங்கினார். 2012இல் மேவின் ரெக்கார்ட்ஸைத் தொடங்கினார். உலகின் மிகப்பெரிய இசை நிறுவனமான யுனிவர்சல் அந்த மேவினில் பெரும்பங்கை வாங்க வந்தது 2024இல். பணம் கடைசியில் வந்தது. அதற்கு முந்தைய இருபது ஆண்டுகளில் ஊர்க்காரர்கள் கட்டிடத்தையே எழுப்பிவிட்டார்கள். விளைவைக் காரணம் என்று காட்டிக் கட்டுரையாளர் வாசகரை ஏமாற்றியிருக்கிறார்.

தலைநகரில் இருந்தால்தான் முடியும் என்றும் ஒரு வரி எழுதியிருக்கிறார். ரெமா பெனின் சிட்டிக்காரர், பர்னா பாய் போர்ட் ஹார்கோர்ட்டுக்காரர். ரெமா இன்ஸ்டாகிராமில் போட்ட ஒரு சிறு காணொளிதான் அவரை மேவின் வாசலுக்குக் கொண்டுபோய்ச் சேர்த்தது. 2024 ஜூலையில் மும்பையில் நடந்த அம்பானி வீட்டுத் திருமணத்தில் அவரை அழைத்துப் பாடவைத்தார்கள். ராஜபாளையத்திலும் எல்லோர் கையிலும் அதே போன்தான் இருக்கிறது.

கடைசி வாதம், சினிமாப் பாட்டு போதும் என்பது. நைஜீரியாவுக்கு நோலிவுட் என்ற மாபெரும் திரைத்துறை இருக்கிறது. ஆனாலும் அங்கே பாட்டு படத்துக்குள் அடங்கி நிற்கவில்லை. பாடுபவரின் பெயரில், பாடுபவரின் முகத்தோடு வெளியே வந்தது. நம்மிடம் பாட்டு படத்தின் ஒரு பகுதியாகப் பிறக்கிறது. அதன் உரிமை தயாரிப்பாளர் வழியாக ஆடியோ கம்பெனிக்குப் போகிறது. பாடலாசிரியருக்கும் இசையமைப்பாளருக்கும் ராயல்டியில் பங்கு உண்டு என்று காப்புரிமைச் சட்டத்தைத் திருத்தவே 2012 ஆனது. படத்துக்குள் போகும் நாட்டுப்புற மெட்டுக்குச் சொந்தக்காரரின் பெயரோ பல நேரம் எந்தக் காகிதத்திலும் இருப்பதில்லை.

படத்துக்கு வெளியே தமிழ்ப் பாட்டு போகாதா? 2021 மார்ச்சில் வந்த ‘என்ஜாய் எஞ்சாமி’ போனது. பாடகர் அறிவு தன் பாட்டியின் வாழ்க்கையிலிருந்து, இலங்கைத் தேயிலைத் தோட்டத்து உழைப்பிலிருந்து, ஒப்பாரியிலிருந்து எடுத்த பாட்டு அது. பாடகி தீ அவரோடு சேர்ந்து பாடினார், சந்தோஷ் நாராயணன் இசையமைத்தார். யூடியூபில் கோடிக்கணக்கானோர் கேட்டார்கள். மொழி தெரியாத நாடுகளில் ஆடினார்கள். கட்டுரையாளரின் கொள்கைப்படி அது எங்கோ ஒரு மூலையில் முடங்கியிருக்க வேண்டும். பிறகு நடந்ததையும் சொல்ல வேண்டும். 2021 ஆகஸ்டில் ஓர் இசை இதழின் அட்டையில் அறிவின் முகம் இல்லாதது பெரும் கேள்வியாக எழுந்தது. பாட்டிலிருந்து தங்களுக்கு வருமானம் எதுவும் வரவில்லை என்று 2024 மார்ச்சில் சந்தோஷ் நாராயணன் வெளிப்படையாகச் சொன்னார். வெளியிட்ட நிறுவனம் தன் தரப்பை வேறாகச் சொன்னது. நியாயம் யார் பக்கம் என்று நான் தீர்ப்புச் சொல்லவில்லை. எந்த இடத்தில் நமக்கு ஓட்டை என்பதை இது காட்டுகிறது. பாட்டு உலகை எட்டிவிட்டது. பெயரும் பணமும் யாருக்கு என்ற கணக்குத்தான் நிற்கவில்லை. நைஜீரியர்களிடம் நாம் கற்கவேண்டியது இந்தக் கணக்கை. கட்டுரையாளர் இதைப் பற்றி ஒரு வரிகூட எழுதவில்லை.

ஆக, நம் வட்டாரத்து மேளக்காரரை வீழ்த்துவது எது? தமிழா, தவிலா? பங்குனிப் பொங்கல் சாட்டியதும் கேரளத்திலிருந்து செண்டை மேளம் பேசி முடிக்கிறோம். அவர்கள் கேட்ட தொகையை முன்பணத்தோடு கொடுக்கிறோம். செண்டைக் கலைஞர்கள்மேல் எனக்கு எந்த வருத்தமும் இல்லை. அவர்கள் ஊர் அவர்களை மதிக்கிறது, அந்த மதிப்போடு வருகிறார்கள். உள்ளூர் நாகஸ்வரக்காரரிடமும் பம்பைக்காரரிடமும் மட்டும் நூறு ரூபாய்க்கும் பேரம் பேசுகிறோம். விடிய விடிய வாசித்தவரைப் பந்தியில் கடைசியாக உட்கார வைக்கிறோம். சில ஊர்களில் பந்தியிலேயே உட்கார வைப்பதில்லை. கொட்டு வேண்டும், கொட்டியவர் வாசலுக்குள் வரக்கூடாது என்ற அந்தப் பழைய புத்திக்குச் சாதி என்று பெயர். கட்டுரையாளர் ‘நவீனம்’ என்று எழுதியிருப்பது அந்தப் புத்திக்குப் போட்ட புதுச் சட்டை. மேளத்தின்மேல் உள்ள வெறுப்பு மேளக்காரர்மேல் உள்ள வெறுப்பிலிருந்து வருகிறது. நைஜீரியாவை இழுத்து அதை மறைக்க முடியாது. மதுரை அலங்காநல்லூர் வேலு ஆசானுக்குப் பறைக்காக 2025இல் பத்மஸ்ரீ அறிவித்தார்கள். அந்த விருதைப் பாராட்டிவிட்டு, அடுத்த வாரமே தன் ஊர்ப் பறைக்காரரைத் தெருவில் நிற்கவைப்பவர்கள் நம்மிடையே இருக்கிறார்கள்.

லாகோஸ் இளைஞர்கள் முதலில் ஜெயித்தது லாகோஸை. தங்கள் ஊர்க் கல்யாணத்திலும், பிறந்தநாள் விருந்திலும், பேருந்திலும் தங்கள் பாட்டு ஒலித்த பிறகே லண்டன் காது கொடுத்தது. தன் ஊர் காசு கொடுத்துக் கேட்காத இசையை உலகம் ஒருநாளும் தேடி வராது. வரும் பங்குனியில் ராஜபாளையத்து விழாக் குழுக்களும் ஸ்ரீவில்லிபுத்தூர் விழாக் குழுக்களும் செய்யவேண்டியது எளிது. உள்ளூர் மேளத்தை முதலில் பேசுங்கள். வெளியூர்க் குழுவுக்குக் கொடுக்கும் அதே தொகையை, அதே முன்பணத்தைக் கொடுங்கள். வாசிப்பவர்களின் பெயரை நோட்டீஸில் அன்னதான உபயதாரர் பெயருக்கு இணையான எழுத்தில் அச்சிடுங்கள். ஊர்ப் பிள்ளைகள் நல்ல மைக் வைத்து அதைப் பதியட்டும். பதிவின் உரிமை வாசித்தவர் பெயரில் எழுத்தில் இருக்கட்டும். முதல் பந்தியில் அவர்களை உட்கார வையுங்கள். இவ்வளவையும் செய்து பார்த்துவிட்டு அப்போதும் நம் இசை தோற்றால் கட்டுரையாளர் எழுதட்டும். ஒன்றையுமே செய்யாத ஊரில் உட்கார்ந்துகொண்டு, தோற்றது மேளம் என்று எழுத அவருக்கு உரிமை கிடையாது.