பங்கை எப்போது எழுதுவது?

1792 பிப்ரவரி 26 அன்று ஸ்ரீரங்கப்பட்டணம் கோட்டையிலிருந்து இரண்டு சிறுவர்களை யானை மேல் ஏற்றி வெளியே அனுப்பினார்கள். மூத்தவன் அப்துல் காலிக்குக்குப் பத்து வயது இருக்கும். இளையவன் முயிஸுதீனுக்கு எட்டு. வெள்ளை மஸ்லின் அங்கி, சிவப்புத் தலைப்பாகை, கழுத்தில் முத்துச்சரங்கள். கோட்டைப் பீரங்கிகள் மரியாதைக் குண்டு முழங்கின. கிழக்கிந்தியக் கம்பெனியின் கவர்னர் ஜெனரல் காரன்வாலிஸின் கூடார வாசலில், மைசூரை ஆண்ட திப்பு சுல்தானின் வக்கீல் குலாம் அலி பிள்ளைகளை ஒப்படைத்தார். இன்று காலை வரை இவர்கள் என் எஜமானரின் பிள்ளைகள், இனி நீங்கள்தான் இவர்களுக்குத் தகப்பன் என்ற பொருளில் பேசினார். காரன்வாலிஸ் ஆளுக்கொரு தங்கக் கடிகாரம் கொடுத்தார்.

இந்தக் காட்சியை ஆங்கில ஓவியர்கள் திரும்பத் திரும்ப வரைந்தார்கள். வென்றவனின் கருணையாகவே அதை அவர்கள் காட்டினார்கள். எனக்கு அதில் கருணை தெரியவில்லை. ஒரு கடன் பத்திரத்தின் ஜாமீன்தான் தெரிகிறது. ஒப்பந்தப்படி திப்பு ராஜ்யத்தில் பாதியை விட்டுக்கொடுக்க வேண்டும். மூன்று கோடியே முப்பது லட்சம் ரூபாய் தர வேண்டும். அதில் பாதி உடனே, மீதி தவணையில். தவணைக்கு யார் பொறுப்பு? கம்பெனிப் படை ஸ்ரீரங்கப்பட்டணம் தீவைச் சுற்றி எத்தனை நாள் உட்கார்ந்திருக்க முடியும்? முந்தைய ஆண்டு மே மாதம் இதே ஊர் வரை வந்த காரன்வாலிஸ், சோறும் மாட்டுத் தீனியும் கிடைக்காமல், முற்றுகைப் பீரங்கிகளைத் தானே உடைத்துப் போட்டுவிட்டுத் திரும்பிப் போனவர். படை கலைந்த பிறகு ஒரு கையெழுத்துக்கு என்ன மதிப்பு என்பது அவருக்குத் தெரியும். அதனால்தான் பிள்ளைகளைக் கேட்டார்.

தாமஸ் ஷெல்லிங் என்ற அமெரிக்கப் பொருளியலாளர் 1956-இல் பேரம் பற்றி ஒரு கட்டுரை எழுதினார். 1960-இல் அது அவருடைய புத்தகத்தில் சேர்ந்தது. 2005-இல் அவருக்கு நோபல் பரிசும் கிடைத்தது. ஆட்டக் கோட்பாடு என்று இன்று சொல்லப்படும் துறையை ராணுவ அமைச்சகங்கள் வரை கொண்டுபோனவர்களில் அவர் முக்கியமானவர். வாக்குக் கொடுப்பவன் நல்லவனா என்பது பேரத்தில் கேள்வியே இல்லை, வாக்கை மீறினால் அவனுக்கு என்ன நஷ்டம் என்பதுதான் கேள்வி என்று அவர் காட்டினார். நஷ்டப்படும் வழி இருப்பவனைத்தான் எதிராளி நம்புவான். பழைய காலத்து அரசர்கள் பணயமாகப் பிள்ளைகளை அனுப்பியதன் கணக்கும் இதுதான்.

திப்புவின் விஷயத்தில் அந்தக் கணக்கு பலித்தது. இறுதி ஒப்பந்தம் எழுதும்போது கம்பெனிக்குப் போகும் பட்டியலில் குடகும் இருப்பதைப் பார்த்துத் திப்பு கொதித்தார். குடகு கம்பெனியின் எந்த எல்லையையும் ஒட்டியில்லை என்பது அவர் வாதம். அது நியாயமான வாதம். காரன்வாலிஸ் பதில் வாதம் செய்யவில்லை. முற்றுகை வேலையை மறுபடி தொடங்கச் சொன்னார், பிள்ளைகளை அங்கிருந்து கிளப்பிக் கொண்டுபோக ஏற்பாடு செய்தார். திப்பு கையெழுத்துப் போட்டார். மார்ச்சில் ஒப்பந்தம் முடிந்தது. பணம் கட்டி முடிந்து, 1794-இல் பிள்ளைகள் சென்னையிலிருந்து தகப்பனிடம் திரும்பினார்கள்.

அந்த ஒப்பந்தத்தில்தான் சேலம், பாராமகால், திண்டுக்கல் சீமைகள் கம்பெனிக்கு வந்தன.

பணம் வந்தது, நிலம் வந்தது. சமாதானம் வரவில்லை. ஏழே வருடத்தில், 1799 மே 4 அன்று, அதே கோட்டைக்குள் திப்பு கொல்லப்பட்டார். அவருடைய பிள்ளைகள் வேலூர்க் கோட்டையில் வைக்கப்பட்டார்கள். 1806 ஜூலை 10 அன்று அங்கே சிப்பாய்கள் கிளர்ந்தபோது அந்தப் பிள்ளைகளின் பெயரும் அடிபட்டது. பிறகு குடும்பத்தையே கல்கத்தாவுக்கு அனுப்பினார்கள். கழுத்தைப் பிடித்து வாங்கிய கையெழுத்து, பிடி இருக்கும் வரைதான் செல்லும். பிடிபட்டவன் வேறு துணை தேடுவான். பிடித்தவன் அதையே காரணமாக வைத்து மறுபடி வருவான். திப்பு பிரெஞ்சுக்காரர்களைத் தேடினார், அப்போதைய கவர்னர் ஜெனரல் வெல்லெஸ்லி அதைக் காரணமாக்கினார்.

1792-இல் முடிந்த அந்தப் போரில் இன்னொரு ஒப்பந்தமும் உண்டு. யாரும் அதைப் படமாக வரையவில்லை. கம்பெனியும் மராட்டியரும் ஹைதராபாத் நிஜாமும் 1790-இலேயே, கிடைப்பதைச் சமமாக மூன்றாகப் பிரித்துக்கொள்வதென்று எழுதிக்கொண்டார்கள். போரில் பெரும் பாரத்தைச் சுமந்தது கம்பெனிப் படை. கடைசியில் பங்கு பிரிக்கையில் உனக்கு ஏன் இவ்வளவு என்று கம்பெனி கேட்டிருக்கலாம். ஆனாலும் 1792-இல் மூன்று பேருக்கும் சமமாகவே போயிற்று. எழுதிய நாளில் யார் எவ்வளவு சண்டை போடுவார்கள், யாருக்கு எவ்வளவு தேவைப்படும் என்று யாருக்கும் தெரியாது. அதனால் சமம் என்பதை மூவரும் ஒப்புக்கொள்ள முடிந்தது. அந்தப் பங்குக்குப் பிணையாக ஒரு பிள்ளையையும் யாரும் கேட்கவில்லை.

இந்த இரண்டு ஒப்பந்தங்களையும் சேர்த்து நினைக்க வைத்தது ஸ்ரீரங்கப்பட்டணம்தான். தீவின் கிழக்கு முனையில் சங்கமம் என்ற இடத்தில், பிரிந்து போன காவிரி மறுபடி ஒன்று சேர்கிறது. தஞ்சைப் பக்கத்தில் வளர்ந்தவன் அங்கே நின்றால் திப்புவை நினைப்பதைவிட முதலில் தண்ணீரைத்தான் பார்ப்பான். அங்கிருந்து ஆற்றோடு மேலே கொஞ்ச தூரம் போனால் கிருஷ்ணராஜசாகர். அந்தப் பக்கத்து ஜனங்களுக்கு அது கன்னம்பாடி அணை. நாங்கள் சின்ன வயதில் காலைச் செய்தித்தாளில் மேட்டூர் நீர்மட்டம் எத்தனை அடி என்று பார்ப்போம். 120 என்றால் வீட்டில் பேச்சே மாறிவிடும். கர்நாடகத்தின் மண்டியாக்காரர்களும் அதே மாதிரி பேப்பரில் ஒரு எண்ணைத் தேடுகிறார்கள். அவர்களுடைய எண் 124.80. அணை நிரம்பினால் அவர்களுடைய முதலமைச்சர் வந்து முறத்தில் மஞ்சளும் குங்குமமும் வளையலும் வைத்து ஆற்றில் விடுவார். பாகினம் என்று பெயர். நம் பக்கத்தில் கல்லணைக்குத் தண்ணீர் வந்தால் பூவும் நெல்லும் தூவுவார்கள்.

கிருஷ்ணராஜசாகர் இருப்பதும் ஒரு பேரத்தால்தான். 1911-இல் மைசூர் கட்டத் தொடங்கியது. சென்னை மாகாணம் எதிர்த்தது. 1914-இல் நடுவராக இருந்த கிரிஃபின் மைசூருக்குச் சாதகமாகச் சொன்னார். சென்னை லண்டன் வரை போய் அந்தத் தீர்ப்பை மறுபரிசீலனைக்கு எடுக்க வைத்தது. கடைசியில் 1924 பிப்ரவரி 18 அன்று கையெழுத்தான ஒப்பந்தத்தில் ஒரு கொடுக்கல் வாங்கல் இருந்தது. நீ கிருஷ்ணராஜசாகர் கட்டிக்கொள், நான் மேட்டூர் கட்டிக்கொள்கிறேன். அவரவர் எத்தனை ஏக்கர் கூட்டலாம் என்பதும் எழுதப்பட்டது. வெள்ளைக்காரன் மேலே உட்கார்ந்திருந்தான் என்பது உண்மைதான், பேரம் சமமானவர்களுக்குள் நடந்ததல்ல. ஆனாலும் இரண்டு பக்கத்துக்கும் கையில் ஒரு அணை வந்தது. அந்த ஒப்பந்தத்தின் ஐம்பது வருடப் பிரிவுகள் 1974-இல் முடியும்வரை அது ஓடியது.

பிறகு நடந்தது எல்லோருக்கும் தெரியும். 1990-இல் காவிரி நடுவர் மன்றம், 1991-இல் 205 டி.எம்.சி. இடைக்காலத் தீர்ப்பு, அதை மறுத்துக் கர்நாடகம் போட்ட அவசரச் சட்டம், அது செல்லாது என்ற உச்ச நீதிமன்றம், அந்த டிசம்பரில் பெங்களூரில் தமிழர்கள் மேல் விழுந்த அடி. 2007-இல் மாநில எல்லையில் உள்ள பிலிகுண்டுலுவில் 192 டி.எம்.சி. என்ற இறுதித் தீர்ப்பு. 2018-இல் உச்ச நீதிமன்றம் அதை 177.25 ஆக்கியது.

மழை பெய்யும் வருடத்தில் இந்த எண்களுக்கு வேலையே இல்லை. அணை நிரம்பினால் தண்ணீர் யாரையும் கேட்காமல் கீழே வரும். பஞ்ச வருடத்தில்தான் தகராறு. பற்றாக்குறை வந்தால் அதே விகிதத்தில் குறைத்துக்கொள்ளுங்கள் என்று நடுவர் மன்றம் சொல்லியிருக்கிறது. எந்த மாதத்தில், எந்த அணையின் வரத்தை வைத்து, எவ்வளவு என்பதற்கு இருவரும் ஒப்புக்கொண்ட கணக்கு இன்றுவரை இல்லை. அதனால் ஒவ்வொரு பஞ்சத்திலும் பேரம் புதிதாக, வாய் உலர்ந்த நிலையில், தொடங்குகிறது.

அப்படித் தொடங்கும் பேரத்தில் யார் ஜெயிப்பார்கள்? 1954-இல் கேம்பிரிட்ஜில் ஆர்.பி. பிரெய்த்வெய்ட் என்ற தத்துவப் பேராசிரியர் ஓர் உரையில் இதற்கு ஓர் உதாரணம் சொன்னார். ஒரே வீட்டில் இரண்டு பேர். ஒருவர் பியானோ வாசிப்பவர், ஒருவர் ட்ரம்பெட் ஊதுபவர். இருவரும் ஒரே நேரத்தில் வாசித்தால் சத்தம் தாங்காது. மாலைகளை எப்படிப் பங்கு போடுவது? கணக்குப் போட்டு அவர் சொன்ன பதில்: 43 மாலைகளில் ட்ரம்பெட்காரருக்கு 27, பியானோக்காரருக்கு 16. காரணம், இரண்டும் சேர்ந்து ஒலித்தால் ட்ரம்பெட்காரருக்கு அவ்வளவு வலிக்காது. பேச்சு முறிந்தால் யாருக்கு வலி குறைவோ அவருக்குப் பங்கு அதிகம். 1971-இல் ஜான் ரால்ஸ் தன் நீதிக் கோட்பாட்டு நூலில் இதைக் கடுமையாக மறுத்தார். மிரட்டும் பலத்துக்கு ஏற்பப் பிரிப்பது பேரமாக இருக்கலாம், நீதியாக முடியாது என்பது அவர் கட்சி. நான் ரால்ஸ் பக்கம். ஆனால் காவிரியில் பஞ்ச வருடம் முழுக்க நடப்பது பிரெய்த்வெய்ட்டின் கணக்குதான். மேலே மதகு இருப்பவருக்குப் பேச்சு முறிந்தால் வலி குறைவு. கீழே நாற்று காய்பவருக்கு வலி அதிகம்.

போதாததற்கு, ஷெல்லிங் சொன்ன இன்னொரு தந்திரத்தையும் இரண்டு மாநிலங்களும் நன்றாகக் கற்றிருக்கின்றன. என் கை கட்டப்பட்டிருக்கிறது, விட்டுக்கொடுத்தால் ஊர் திரும்ப முடியாது என்று காட்டுபவனுக்குப் பேரத்தில் பலம் கூடும். சட்டமன்றத் தீர்மானம், அனைத்துக் கட்சிக் கூட்டம், பந்த் எல்லாம் கையைக் கட்டிக்கொள்ளும் கயிறுகள். ஒருவர் கட்டிக்கொண்டால் மற்றவர் இறங்கி வருவார். இருவரும் கட்டிக்கொண்டால் யார் இறங்குவது? 2023 செப்டம்பரில் வினாடிக்கு 5,000 கன அடி என்ற உத்தரவை எதிர்த்து மூன்று நாள் இடைவெளியில் பெங்களூரில் ஒன்று, கர்நாடகம் முழுவதும் ஒன்று என இரண்டு பந்த் நடந்தன. இந்தப் பக்கம் குறுவை காய்ந்தது.

ஆகவே என் வாதம் ஒன்றுதான். பற்றாக்குறைக் கணக்கை அணை நிரம்பிய வருடத்தில் எழுத வேண்டும். அடுத்த பஞ்சம் எப்போது, எவ்வளவு கடுமை, தென்மேற்குப் பருவமழை பொய்க்குமா வடகிழக்கா என்று இருவருக்கும் தெரியாத நாளில் உட்கார்ந்தால் 1790-இல் நடந்த மாதிரி ஒரு பங்கு எழுத முடியும். வறண்ட நாளில் உட்கார்ந்தால் 1792 மாதிரிதான் முடியும். 2025 ஜூன் கடைசியில் கிருஷ்ணராஜசாகரும் மேட்டூரும் ஏறக்குறைய ஒரே சமயத்தில் நிரம்பின. அப்போதே பேசியிருக்க வேண்டும். யாரும் யாரையும் கூப்பிடவில்லை.

நம் பக்கமும் வெறுங்கையோடு போகக்கூடாது. பற்றாக்குறை வருடத்தில் ஜூன் 12-இல் மேட்டூரைத் திறந்தே தீருவோம் என்ற பிடிவாதத்தைத் தளர்த்த வேண்டும், குறுவைப் பரப்பைக் குறைக்கும் அட்டவணையை நாமே முன்வைக்க வேண்டும், டெல்டாவின் நிலத்தடி நீர்க் கணக்கைத் திறந்து காட்ட வேண்டும். உச்ச நீதிமன்றம் நிலத்தடி நீரைச் சொல்லி நம்மிடமிருந்து 10 டி.எம்.சி. எடுத்த பிறகு அதை மறைத்து லாபமில்லை. அவர்கள் பக்கம் நான்கு அணைகளின் தினசரி வரத்தை இருவரும் நம்பும்படி அளக்க விட வேண்டும். பிணையாக, இரண்டு அரசுகளும் காவிரி மேலாண்மை ஆணையத்திடம் ஒரு பெருந்தொகையை முன்பணமாகக் கட்டட்டும். கணக்கை மீறிய அரசின் பணம் மற்ற மாநிலத்து விவசாயிகளுக்குப் போகட்டும்.

இதெல்லாம் கனவு என்பவர்களுக்கு ஒன்று சொல்கிறேன். 2003-இல், கடும் வறட்சிக்கு நடுவே, சென்னை வளர்ச்சி ஆராய்ச்சி நிறுவனத்தின் முயற்சியில் இரண்டு மாநில விவசாயிகளும் 'காவிரிக் குடும்பம்' என்ற பெயரில் ஒன்றாக உட்கார்ந்தார்கள். ஒருவர் வயலை ஒருவர் போய்ப் பார்த்தார்கள். அவர்களால் தீர்வு வரை போக முடியவில்லை, ஏனென்றால் மதகின் சாவி அவர்களிடம் இல்லை. சாவி வைத்திருப்பவர்களிடம்தான் கேட்க வேண்டும். அடுத்த முறை கன்னம்பாடி நிரம்பி அங்கே பாகினம் விடும் வாரத்தில், தமிழக முதலமைச்சர் கர்நாடக முதலமைச்சருக்கு ஒரு கடிதம் எழுத வேண்டும்: பஞ்சக் கணக்கைப் பேசலாம், இடம் ஸ்ரீரங்கப்பட்டணம், தேதியை நீங்கள் சொல்லுங்கள். டெல்டாவில் உள்ள ஒவ்வொரு விவசாயிகள் சங்கமும் இந்தக் கடிதத்தைக் கேட்டு இப்போதே தீர்மானம் போட வேண்டும்.