பிறைக்குக் கட்டிய வாரம்

டோல்கீன் தமது கற்பனை உலகின் ஹொபிட்டுகளுக்கு ஒரு நாட்காட்டியையும் செய்து கொடுத்தார். பன்னிரண்டு மாதங்கள், ஒவ்வொன்றிலும் 30 நாட்கள். எஞ்சிய நாட்கள் எந்த மாதத்திலும் சேராதவை. அவற்றுள் ஆண்டின் நடுநாள் எந்தக் கிழமையிலும் சேராதது. ஆகவே ஒவ்வொரு திகதியும் ஆண்டுதோறும் அதே கிழமையில் வந்து விழும். வாசிக்க அழகாகத்தான் இருக்கிறது. கதையில் வருபவர்களுக்கு வங்கிக்கு ஓட வேண்டிய அவசியமில்லை.

நமது நாடு இத்தகையதொரு வாரத்தை மெய்யான மனிதர்கள் மீது ஐந்தாண்டுகளுக்கு மேல் சோதித்துப் பார்த்தது என்பதை இன்றைய இளைஞர் பலர் அறியார்.

1966 ஜனவரியில் டட்லி சேனநாயக்கவின் அரசு சனி, ஞாயிறு விடுமுறையை நீக்கியது. அமாவாசை, பூரணை, இடையே வரும் இரு அட்டமிகள் ஆகிய நான்கு போயா நாட்களும் விடுமுறையாயின. போயாவுக்கு முந்திய நாள் அரைநாள் வேலை. கிழமைகளின் பெயர்கள் மாறவில்லை. ஓய்வு மட்டும் சந்திரனோடு அலையத் தொடங்கியது. ஒரு சந்திர மாதம் சுமார் 29.53 நாட்கள். அதை நான்காகப் பிரித்தால் 7.38. ஆகவே ஒரு வாரம் ஏழு நாளில் முடியும். அடுத்தது எட்டு நாளாக நீளும். ஆண்டுக்கு 52 ஆக இருந்த வார ஓய்வு 49 அல்லது 50 ஆகச் சுருங்கியது. தொழிலாளியின் கணக்கில் இது சிறிய இழப்பன்று.

அப்போது நான் பாடசாலை மாணவன். இன்று என்ன கிழமை என்று நாங்கள் கேட்பதில்லை. போயாவுக்கு இன்னும் எத்தனை நாள் என்பதே கேள்வி.

ஆயினும் அக்கரைப்பற்றில் வெள்ளி வெள்ளியாகவே இருந்தது. அரசாங்கம் எந்த நாளை ஓய்வாக்கினாலும் ஜும்ஆவை நகர்த்த அதனால் இயலாது. அயலிலுள்ள தமிழ் மக்களின் வெள்ளி விரதமும் அசையவில்லை; கிறிஸ்தவர்களின் ஞாயிறு ஆராதனையும் அசையவில்லை. அசைந்தது கந்தோரும் பாடசாலையும் வங்கியுமே. இதிலுள்ள விசித்திரம் என்னவென்றால், சந்திரனை எங்கள் ஊரைவிட நன்கறிந்த ஊர்கள் குறைவு. நிலவு காலத்தில் மீன்பாடு குறையும் என்பது கடற்றொழிலாளிக்குத் தெரியும். நோன்பும் பெருநாளும் பிறையைப் பார்த்தே பிறக்கின்றன. ஆனால் எங்கள் பிறை மஃரிபுக்குப் பின் மேற்கு வானில் கண்ணால் காணும் பிறை. அரசின் பிறையோ பஞ்சாங்கத்தில் முன்கூட்டியே அச்சானது. அமாவாசைப் போயா என்பது சந்திரனே தென்படாத நாள். எங்களுக்கு மாதம் பிறப்பது அதற்கும் ஒன்றிரண்டு நாள் கழித்து. சந்திரன் ஒன்றுதான், கணக்கு இரண்டு.

அந்த வாரத்தைக் கவிழ்த்தது சமயமன்று, வணிகம். உலகச் சந்தைகள் செவ்வாய்க்கிழமை இயங்கும்போது கொழும்பு மூடிக்கிடந்தது. அவை ஞாயிறு உறங்கும்போது கொழும்பு விழித்திருந்தது. 1971இல் சிறிமாவோ பண்டாரநாயக்கவின் அரசு சனி, ஞாயிறு விடுமுறையை மீட்டது. பூரணை தினம் மட்டும் விடுமுறையாக எஞ்சி இன்றும் தொடர்கிறது. மறு ஆண்டே பௌத்தத்துக்கு முதன்மை இடமளிக்கும் அரசியலமைப்பைக் கொண்டுவந்ததும் அதே அரசுதான். பக்தி குறைந்ததால் போயா வாரம் போகவில்லை என்பதற்கு வேறு சான்று வேண்டியதில்லை.

பிரான்ஸின் புரட்சியாளர் 1793இல் பத்து நாள் வாரத்தை அமைத்தனர்; நெப்போலியன் 1806 தொடக்கத்தில் அந்த நாட்காட்டியையே கைவிட்டார். சோவியத் நாடு 1929இல் ஐந்து நாள் வாரத்தைக் கொண்டுவந்து, தொழிலாளரைப் பிரிவுகளாக்கி, ஒவ்வொரு பிரிவுக்கும் வெவ்வேறு ஓய்வு நாளைக் கொடுத்தது. கணவனுக்கு ஓய்வு கிடைத்த நாளில் மனைவி ஆலையில் நின்றாள். 1940இல் ஏழு நாள் வாரம் திரும்பியது. கணிதத்தில் இவர்களில் எவரும் தோற்கவில்லை. குடும்பத்திலும் கும்பிடும் இடத்திலும் தோற்றார்கள்.

இப்பழங்கதை இப்போது எதற்கு என்று வாசகர் கேட்கலாம். உலகம் முழுவதற்கும் ஒரே ஹிஜ்ரி நாட்காட்டி என்ற யோசனை எங்கள் சமூகத்திலும் பேசப்படுகிறது. 2016இல் இஸ்தான்பூலில் கூடிய மாநாடு அதற்கே வாக்களித்தது. கணிப்புக்கு நான் எதிரியல்லன். தொழுகை நேரத்தை அறிய இன்று எவரும் முற்றத்தில் நின்று நிழலை அளப்பதில்லை. அச்சிட்ட நேரசூசியையே பார்க்கிறோம். ஐவேளைக்கு ஏற்ற கணிப்பை மாதப் பிறப்புக்கு மட்டும் மறுப்பதில் எனக்கு நியாயம் தெரியவில்லை.

என் அச்சம் வேறு. 2013 ஆகஸ்டில் கிண்ணியாவிலிருந்து ஷவ்வால் பிறை கண்டதாகச் சாட்சியம் வந்தது. கொழும்பு அதை ஏற்கவில்லை. ஒரே நாட்டில் பெருநாள் இரண்டாயிற்று. அத்தகைய இரவில் வட்டிலப்பத்தை அடுப்பில் ஏற்றுவதா, ஸஹருக்குச் சோறு ஆக்குவதா என்று தெரியாமல் நிற்பவள் வீட்டுப் பெண். கண்ணால் கண்ட சாட்சியத்தையே கிழக்கிலிருந்து ஏற்கத் தயங்கும் ஓர் ஏற்பாடு, நாளை கணிப்பை ஏற்குமாறு அதே கிழக்குக்குக் கட்டளையிட்டால் யார் கேட்பார்? போயா வாரமும் கொழும்பிலிருந்துதான் வந்தது. எங்களிடம் எவரும் கேட்கவில்லை.

ஆகவே ஜம்இய்யத்துல் உலமாவிடமும் கொழும்புப் பெரிய பள்ளிவாசலிடமும் கேட்பது இதுதான். கணிப்புக்கு மாறுவதாயின், அக்கரைப்பற்றிலும் கல்முனையிலும் கிண்ணியாவிலும் ஜமாஅத்தார் முன்னிலையில் முதலில் பேசுங்கள். ஓராண்டுக்கு முன்பே அறிவியுங்கள். மாறாவிடின், ஒரு சாட்சியத்தை நிராகரிக்கும் காரணத்தை எழுத்தில், அன்றிரவே, அதை அனுப்பிய பள்ளிவாசலுக்குக் கொடுங்கள்.