மையில்லா நூல்

நன்னூலின் பொதுப்பாயிரத்தில் நூல் என்ற சொல்லுக்குப் பெயர்க்காரணம் கூறும் வெண்பாவைத் தமிழ் இலக்கியம் பயின்றோர் அறிவர். சொல் பஞ்சு, செய்யுள் இழை, புலவன் நூற்கும் பெண், அவன் வாய் அவள் கை, அவன் மதி அவள் கதிர் என்று உறுப்புக்கு உறுப்பு பொருத்திக் காட்டி, இதனால் விளைவது குற்றமற்ற நூல் என்று அவ்வெண்பா முடிகிறது. குற்றத்திற்கு அங்கு ஆளப்படும் சொல் 'மை'. எழுதுகின்ற மை என்றும் அதைப் படித்துப் பார்க்கலாமே என்று வகுப்பில் வேடிக்கையாகச் சொல்வதுண்டு. வேடிக்கை ஒருபுறமிருக்க, அந்த உவமையில் நம்மை உறுத்தும் ஒன்று இருக்கிறது. புலவனை விளக்குவதற்காக அந்தப் பெண் வரவழைக்கப்படுகிறாள். விளக்கம் முடிந்ததும் அவளை அனுப்பிவிட்டுப் புலவனோடு நாம் மேலே செல்கிறோம். அவள் கையிலிருக்கும் நூலும் ஒரு நூலாகக்கூடுமா என்று கேட்பதில்லை.

கேட்கலாம் என்பதே நம் கட்சி. ஊசியால் எழுதப்பட்ட எழுத்துகள் உலகில் இருக்கின்றன. அருங்காட்சியகங்களில் துணிப் பிரிவிலும் மனநல மருத்துவத் தொகுப்புகளிலும் அவை வைக்கப்பட்டிருக்கின்றன. இலக்கிய வாசகர்கள் அவற்றை எழுத்தாகவே, அதிலும் நல்ல எழுத்தாகவே வாசிக்க வேண்டும்.

இலண்டன் விக்டோரியா அண்ட் ஆல்பர்ட் அருங்காட்சியகத்தில் 1830ஆம் ஆண்டையொட்டிச் செய்யப்பட்ட ஒரு லினன் துணி இருக்கிறது. அதில் பூ இல்லை, பறவை இல்லை, ஓரத்தில் கொடிகூட இல்லை. மேலிருந்து கீழாகச் சிவப்புப் பட்டு நூலில் வரிவரியாக எழுத்து மட்டுமே. தைத்தவர் எலிசபெத் பார்க்கர், 1813இல் இங்கிலாந்தின் சசெக்ஸ் பகுதியில் ஏழை உழைப்பாளி ஒருவருக்கு மகளாகப் பிறந்தவர். பதின்மூன்று வயதளவில் குழந்தை பார்க்கும் வேலைக்கு வீட்டைவிட்டுப் போனார். வேலைக்குச் சேர்ந்த ஒரு வீட்டில் எசமானன் கொடுமைப்படுத்தியதையும், தன்னை மாடிப்படியிலிருந்து தள்ளியதையும், உயிரை மாய்த்துக்கொள்ள எண்ணியதையும், அந்த எண்ணம் பாவமாயிற்றே என்று அஞ்சியதையும் அந்தத் துணியில் தைத்து வைத்திருக்கிறார். தன் ஆன்மாவுக்கு என்ன நேரும் என்று கேட்குமிடத்தில் வாசகம் நின்றுவிடுகிறது. அதற்குக் கீழே துணி வெறுமையாக இருக்கிறது.

தொடக்கத்திலேயே அவர் ஒரு செய்தியைச் சொல்லிவிடுகிறார்: தனக்கு எழுதத் தெரியாதாம், அதனால் இப்படிப் பதிவு செய்கிறாராம். இதைப் படிக்கும் எவருக்கும் ஒரு கணம் தலை சுற்றும். எழுத்தாலேயே எழுதத் தெரியாது என்று சொல்வது எங்ஙனம்? அக்காலத்து ஏழைச் சிறுமியரின் கல்வியை அறிந்தால் இந்த முரண் விளங்கும். வாசிப்பும் எழுத்தும் அன்று ஒரே பாடமாக இருக்கவில்லை. வேதாகமம் படிக்க வாசிப்பு வேண்டும், பெரிய வீடுகளின் துணிகளில் அடையாள எழுத்து போடத் தையல் வேண்டும் என்ற அளவில் பல பெண்பிள்ளைகளின் படிப்பு நிறுத்தப்பட்டது. பேனா பிடிப்பது தனிப் பயிற்சி. அது கிடைக்காமற் போனவர் ஏராளம். ஆகவே அரிச்சுவடியின் ஒவ்வோர் எழுத்தையும் ஊசியால் வரையத் தெரிந்த பெண் தன்னை எழுதத் தெரியாதவள் என்று சொல்லிக்கொள்வது அந்தச் சமூகத்தின் கணக்கில் சரியே. பணிப்பெண்ணாக்குவதற்காகக் கற்பித்த திறமையைக் கொண்டே பணிப்பெண்ணின் துயரத்தை அவர் எழுதிவிட்டார் என்பதைக் கற்பித்தவர்கள் எதிர்பார்த்திருக்கமாட்டார்கள்.

இத்தகைய துணிக்கு ஆங்கிலத்தில் சாம்ப்ளர் என்று பெயர். மாதிரித்துணி என்று நாம் சொல்லலாம். அதற்கும் ஒரு வரலாறு உண்டு. பிரித்தானிய மாதிரித்துணிகளில் ஆண்டு குறிக்கப்பட்டவற்றுள் மிகப் பழையது ஜேன் பாஸ்டாக் என்பவர் 1598இல் முடித்தது. அதுவும் அதே அருங்காட்சியகத்தில்தான் இருக்கிறது. பல வகைத் தையல்கள், மிருகங்கள், பூக்கள், ஒரு குழந்தையின் பிறப்பைக் குறிக்கும் வாசகம் எல்லாம் அதில் உண்டு. தெரிந்த தையலை மறக்காமலிருக்கவும் புதியதை முயன்று பார்க்கவும் வைத்துக்கொண்ட கைக்குறிப்பேடு என்று அந்தக் கால மாதிரித்துணியைச் சொல்லலாம். 1520களில் அவுக்ஸ்பூர்க் நகரில் அச்சிடத் தொடங்கிய வடிவப் புத்தகங்கள் பரவிய பின்னும் இந்த வழக்கம் நின்றுவிடவில்லை. பதினெட்டு, பத்தொன்பதாம் நூற்றாண்டுகளில்தான் குறிப்பேடு தேர்வுத்தாள் ஆனது. அரிச்சுவடி, எண்கள், நல்லொழுக்கச் செய்யுள் ஒன்று, கீழே பிள்ளையின் பெயரும் வயதும். பிள்ளை அடக்கமானவள் என்பதற்குச் சான்றாக அது சட்டமிடப்பட்டுச் சுவரில் தொங்கியது. பார்க்கர் கையில் எடுத்தது இந்த வடிவத்தை. நல்லொழுக்கச் செய்யுள் இருக்க வேண்டிய இடத்தில் அவர் தன் வாழ்க்கையை வைத்தார்.

தையல் முறையைப் பற்றி இங்கே சற்று நின்று பேச வேண்டும். பார்க்கர் கையாண்டது ஒரேயொரு தையல்தான்: நம் வீடுகளில் கிராஸ் ஸ்டிச் என்று வழங்கும் பெருக்கல்குறித் தையல். துணியின் இழைகளை எண்ணி, குறுக்கும் மறுக்குமாக இரண்டு குத்து. அது ஒரு புள்ளி. அத்தகைய புள்ளிகள் பல சேர்ந்தால் ஓர் எழுத்து. ஓரிழை தப்பினால் எழுத்து கோணும். பேனாவால் எழுதியதைக் கோடிட்டு அடிக்கலாம், ஊசியால் எழுதியதைப் பிரிக்கத்தான் வேண்டும். பிரித்தாலும் துளை காட்டிக்கொடுத்துவிடும். பெண்களின் தன்வரலாற்றைப் பற்றிப் பேசும்போது 'உணர்ச்சிப் பெருக்கு', 'மனக் குமுறலின் வெளிப்பாடு' போன்ற சொற்களை நம் திறனாய்வாளர்கள் தயங்காமல் எடுத்து வீசுவார்கள். இழை எண்ணி எழுதிய ஒன்று எப்படிக் குமுறலாக இருக்க முடியும்? மாடிப்படியிலிருந்து தள்ளினான் என்ற ஒரே வாக்கியத்தைத் தைத்து முடிக்க எத்தனை நேரம் குனிந்திருக்க வேண்டும் என்று எண்ணிப் பாருங்கள். அத்தனை நேரமும் அந்த வாக்கியத்திலிருந்து அவர் விலகவில்லை. அதைச் சினம் என்பதைவிட முடிவு என்பது பொருந்தும்.

இதனால்தான், இன்று புதுப்புதுத் தையல்களைத் தேடுவதே படைப்பாற்றல் என்று பரவியிருக்கும் எண்ணத்தோடு நமக்குப் பிணக்கு. சங்கிலித் தையல், காம்புத் தையல், பிரெஞ்சு முடிச்சு, ஹெர்ரிங்போன் என்று நூறு வகை கற்பது நல்லதே. கைக்கு அது இலக்கணம். யாப்பருங்கலக்காரிகை முழுவதையும் மனப்பாடம் செய்தவர் எல்லாம் கவிஞராகிவிடவில்லை என்பதையும் நாம் அறிவோம். வடிவம் அச்சிட்ட துணி, எண்ணிட்ட நூல்கண்டு, ஊசி, செய்முறைத்தாள் எல்லாம் ஒரே உறையில் விற்கப்படுகின்றன. வாங்கிய ஆயிரம் பேரும் ஒரே மயிலைத் தைக்கிறார்கள். வேண்டாம் என்று சொல்ல நமக்கு உரிமையில்லை, கைக்கு அது ஓய்வு தருகிறது. ஆனால் பார்க்கரின் ஒற்றைத் தையலுக்கு முன்னால் அந்த மயிலின் பன்னிரண்டு தையல்களை வைத்துப் பார்த்தால், சொல்வதற்கு ஒன்று இருக்கும்போது தையல் எவ்வளவு குறைவாகப் போதும் என்பது தெரியவரும். வங்காளத்துக் காந்தாத் துணிகளும் இதைத்தானே காட்டுகின்றன? பழைய சேலைகளை அடுக்கி, பெரும்பாலும் எளிய ஓட்டுத் தையலாலேயே ஓர் உலகத்தைப் படைத்துவிடுகிறார்கள்.

பார்க்கரின் ஊர் நமக்கு எவ்வளவோ தொலைவு என்று நினைக்க வேண்டாம். அவர் சிறுமியாக இருந்த அதே 1820களில், நாகர்கோவிலில் இலண்டன் மிஷன் சங்கத்தைச் சேர்ந்த மார்த்தா மால்ட் அம்மையார் பெண்பிள்ளைகளுக்கு வாசிப்போடு லேஸ் பின்னவும் கற்றுக்கொடுத்துக் கொண்டிருந்தார். ஒடுக்கப்பட்ட சாதிகளைச் சேர்ந்த அப்பெண்களிற் சிலர் லேஸ் விற்ற வருவாயைக் கொண்டு அடிமைத்தளையிலிருந்து மீண்டனர் என்பது பதிவான செய்தி. அது சிறிய செயலன்று. இருப்பினும் அந்த லேஸ்கள் ஐரோப்பிய வடிவங்களாகவே கப்பலேறின. பின்னியவளின் கதை அவற்றில் போகவில்லை. அதே கல்விமுறையின் நீட்சியாகத்தான் பிற்காலத்தில் நம் நடுத்தர வீட்டுச் சுவர்களில் மேட்டி துணியில் இரண்டு கிளிகளும் 'வெல்கம்' என்ற ஆங்கிலச் சொல்லும் வந்து அமர்ந்தன. கண்ணாடிக்குள் அந்தச் சொல் இன்றும் சில வீடுகளில் மங்கிக்கொண்டிருக்கிறது. ஊசி கைக்கு வந்தது, எழுத்தும் வந்தது, ஆனால் யாரோ கொடுத்த ஒரு சொல்லைத்தான் தைத்தார்கள்.

ஊசியெழுத்து எவ்வளவு தூரம் போகக்கூடும் என்பதற்கு இன்னும் இருவரைச் சொல்ல வேண்டும். ஆக்னஸ் ரிக்டர் ஜெர்மனியின் சாக்சனியில் ஹூபர்டஸ்பூர்க் மனநோயாளர் விடுதியில் அடைக்கப்பட்டிருந்த தையற்காரி. விடுதியில் கொடுத்த சாம்பல்நிற லினன் துணியைத் தன் உடலுக்கேற்றபடி வெட்டித் தைத்து மேற்சட்டையாக்கினார்; 1895ஆம் ஆண்டைச் சேர்ந்தது அது. பின் அதன் உள்ளும் புறமும் பல வண்ண நூல்களால் பழைய ஜெர்மன் எழுத்தில் எழுதிக்கொண்டே போனார். நான், என்னுடைய என்ற சொற்களும், விடுதி அவருக்கு இட்ட எண்ணான 583ம் திரும்பத் திரும்ப வருகின்றன. உடம்பைத் தொட்டுக்கொண்டிருந்த உட்பக்கத்து எழுத்துகள் தேய்ந்துபோய்ப் பல இடங்களில் படிக்க முடிவதில்லை. ஹைடெல்பெர்க்கில் பிரின்ட்ஸ்ஹார்ன் தொகுப்பில் அந்தச் சட்டை இருக்கிறது. அத்தொகுப்பைச் சேர்த்த ஹான்ஸ் பிரின்ட்ஸ்ஹார்ன் 1922இல் மனநோயாளரின் கலையைப் பற்றிப் புகழ்பெற்ற நூலொன்றை வெளியிட்டார். அதில் மேதைகளாக எடுத்து அவர் விரிவாக எழுதிய பத்துப் பேரும் ஆண்கள்.

மற்றவர் லொரீனா புல்வர். இங்கிலாந்தின் கிரேட் யார்மத் ஏழைவிடுதியில், மனநோயாளருக்கான பிரிவில் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவர் இருந்தார். துண்டுத் துணிகளை ஒட்டுப்போட்டுப் பல அடி நீளச் சுருள்களாக்கி, அவற்றில் கடிதம் தைத்தார். எல்லாம் பெரிய எழுத்து, நிறுத்தக்குறி கிடையாது, சில சொற்களுக்கு அடிக்கோடு. உறவினர், அண்டை அயலார், அரச குடும்பம் என்று ஒருவரையும் விட்டுவைக்கவில்லை. வசைபாடுவதில் நம் காளமேகத்துக்கு அவர் சளைத்தவரல்லர்.

அரசியரின் ஊசிவேலை என்றால் வரலாறு உடனே கண் திறந்துவிடுகிறது. காவலில் இருந்த ஸ்காட்லாந்து அரசி மேரி, பட்டுப்போன திராட்சைக் கொடியைக் கத்தியேந்திய ஒரு கை வெட்டுவதுபோல் மெத்தையுறையொன்றைத் தைத்து நார்ஃபோக் பிரபுவுக்கு அனுப்பியதையும், 1572இல் அந்தப் பிரபு தலை வெட்டுண்டதையும் வரலாற்றாசிரியர்கள் இணைத்தே பேசுகிறார்கள். ஒரு தலையணையைச் சதியாவணமாக வாசிக்கத் தெரிந்தவர்களுக்கு ஒரு பணிப்பெண்ணின் துணியைத் தன்வரலாறாக வாசிப்பது கடினமாகவா இருக்கும்?

மறுப்புகள் வரும். இவர்கள் இலக்கியம் படைக்க எண்ணினார்களா என்று கேட்பார்கள். ஒப்பாரி வைத்தவள் எண்ணினாளா? ஒப்பாரியையும் தாலாட்டையும் இலக்கிய வரலாற்றுக்குள் கொண்டுவர நாட்டார் வழக்காற்றியலாளர்கள் பட்ட பாட்டை நாம் மறந்துவிடவில்லை. இதைவிட வலுவான மறுப்பு எதிர்த்திசையிலிருந்து வரக்கூடும். துணியைத் துணியாகவே மதிக்காமல் அதற்கு இலக்கியம் என்ற பட்டத்தைக் கொடுத்து உயர்த்துவது, தையல் தாழ்ந்தது என்ற பழைய கணக்கை ஏற்றுக்கொள்வதாகாதா? ரோசிகா பார்க்கர் 1984இல் எழுதிய 'தி சப்வெர்சிவ் ஸ்டிச்' என்ற நூல், பெண்ணை அடக்கமாக வளர்க்கும் கருவியாகவும் அந்த அடக்கத்தை மீறும் கருவியாகவும் பூத்தையல் ஒருசேர இருந்ததைக் காட்டியது. அந்த இரட்டைத்தன்மை துணியை விட்டுவிட்டால் கைக்கு அகப்படாது என்பதை நாம் ஒப்புக்கொள்கிறோம். ஆகவேதான் அச்சில் பெயர்த்த வாசகத்தை மட்டும் படிப்பது போதாது என்கிறோம். புல்வரின் வசையைச் சிறிய எழுத்தாக்கி, காற்புள்ளி முற்றுப்புள்ளி இட்டுப் பத்தி பிரித்து அச்சிட்டால் ஒரு முதியவளின் புலம்பல்தான் மிஞ்சும். துணி தீரத்தீர அவர் ஒட்டுப்போட்டுக்கொண்டே போனதும், பார்க்கர் துணி மிச்சமிருக்க நிறுத்தியதும் அந்த அச்சில் எங்கே தெரியும்?

முதுகலைத் தமிழ் மாணவர்க்குத் தன்வரலாற்றைத் தாளாக வைக்கும் கல்லூரிகள் உண்டு. பிறநாட்டுத் தன்வரலாறுகள் மொழிபெயர்ப்பில் அதில் இடம்பெறுகின்றன. அங்கே எலிசபெத் பார்க்கருக்கு நான்கு பக்கம் ஒதுக்கலாம். இடப்பக்கத்தில் துணியின் நிழற்படம், வலப்பக்கத்தில் தமிழாக்கம். பிற்காலத்தில் அவர் தம் ஊரிலேயே பள்ளி ஆசிரியையாகி எழுபது வயதைக் கடந்தும் வாழ்ந்தார் என்று ஆய்வாளர்கள் கண்டறிந்துள்ளனர். அந்தச் செய்தியைக் குறிப்பாகக்கூட முன்னால் போட வேண்டாம். வாசகம் நின்ற இடத்தையும் அதற்குக் கீழுள்ள வெற்றுத் துணியையும் மாணவர்கள் முதலில் பார்க்கட்டும்.