பத்திரத்துல இருக்கற பழைய ஜில்லா

எங்க தாத்தா 1952-ல வாங்கின நிலத்தோட பத்திரத்துல ‘செங்கல்பட்டு ஜில்லா, சைதாப்பேட்டை தாலுகா’ன்னு இருக்கு. நிலம் ஆவடிக்கு மேற்கே. இப்ப அது திருவள்ளூர் மாவட்டம், ஆவடி வட்டம். ஒரு அடிகூட நகராம ரெண்டு மூணு ஜில்லா பார்த்துடுச்சு.

பத்திரத்துல முக்கால் காணி. எங்க பக்கம் காணின்னா 1.32 ஏக்கர், அப்ப 99 சென்ட் வரணும். பட்டாவுல 0.37.0 ஹெக்டேர், அதாவது 91 சென்ட்தான். மீதி 8 சென்ட் எங்க? ரெண்டு பாத்தி கீரை போட்டா ஒரு வாரச் செலவு கழியும் எனக்கு.

மனு எடுத்துட்டுப் போனா, ஒரு ஆபீஸ்ல இருந்த தம்பி பத்திரத்தைப் பார்த்துட்டு, “ஐயா, இது செங்கல்பட்டு, அங்க போய்க் கேளுங்க”ன்னாரு. அவரைச் சொல்லிக் குத்தமில்ல. பழைய செங்கல்பட்டு மாவட்டத்தை 1997-ல காஞ்சிபுரம், திருவள்ளூர்னு பிரிச்சாங்க. 2018-ல அம்பத்தூர் தாலுகா சென்னை மாவட்டத்துக்குப் போச்சு. 2019-ல மறுபடியும் ஒரு செங்கல்பட்டு மாவட்டம் வந்துச்சு. பேரு பழசு, எல்லை புதுசு. ஆவடி அதுல இல்ல. இது போதாதுன்னு பதிவுத்துறைக்குத் தனியா ‘பதிவு மாவட்டம்’ வேற.

பிரிக்கறதைத் தப்புன்னு சொல்ல மாட்டேன். காஞ்சிபுரம் வரை பஸ் ஏறி அலைஞ்சவங்களுக்குத்தான் அந்தக் கஷ்டம் தெரியும். சோழர் காலத்துல இந்தப் பக்கமெல்லாம் புழல் கோட்டம், புலியூர்க் கோட்டம்னு இருந்துச்சு. ராஜா மாறினா பேரு மாறத்தான் செய்யும். ஆனா நிலத்துக்குப் பழைய பேரு வெறும் பேரு இல்ல. சொத்து எந்த எல்லைக்குள்ள இருக்குன்னு எழுதணும்னு 1908-ம் வருஷப் பதிவுச் சட்டம், 21-வது பிரிவே சொல்லுது.

ஆஸ்திரேலியாவுல நியூ சவுத் வேல்ஸ்னு ஒரு மாநிலம். அதுல நிலக் கணக்குக்காக 141 ‘கவுண்டி’ பிரிச்சு வச்சிருக்காங்க. மேற்கே, வெயில் கொளுத்தற வறண்ட பூமியில, யான்கோவின்னா கவுண்டின்னு ஒண்ணு. புரோக்கன் ஹில் சுரங்க ஊர் அதுலதான் இருக்கு. அந்தக் கவுண்டிக்குக் கலெக்டரும் கிடையாது, ஆபீஸும் கிடையாது. நில ஆவணத்துல அந்தப் பேரு நிக்குது. நிர்வாகம் எப்படி மாறினாலும் நிலத்தோட முகவரி மாறாது.

நம்ம ஊர்ல அப்படி மாறாம நிக்கறது வருவாய் கிராமமும் சர்வே நம்பரும்தான். அதுலயும் 1979-லேர்ந்து 1987 வரை நடந்த யூ.டி.ஆர்.ல பல நம்பர் உட்பிரிவாயிடுச்சு. என் 8 சென்ட்டு எப்பப் போச்சுன்னு பழைய பதிவேட்டைப் புரட்டினாத்தான் தெரியும். அது எந்த ஊர் அலமாரியில இருக்குன்னு யாராவது சொல்லணுமே!

நான் கேக்கறது பெருசா ஒண்ணுமில்ல. கம்ப்யூட்டர் பட்டாவுலயும் வில்லங்கச் சான்றுலயும் கீழே ஒரு வரி: முந்தைய மாவட்டம், முந்தைய வட்டம், பழைய சர்வே நம்பர், பழைய பதிவேடு இப்ப எங்க இருக்கு. ஒவ்வொரு தடவை மாவட்டம் பிரிக்கறப்பவும் அதையும் சேர்த்து அரசாணையில போடட்டும்.

அதுவரைக்கும், புதுசா பத்திரம் எழுதறவங்க தாய்ப்பத்திரத்துல இருக்கற ஜில்லா, தாலுகா பேரை விடாம, ‘முன்பு இன்னது, தற்போது இன்னது’ன்னு ரெண்டையும் எழுதச் சொல்லுங்க. நல்ல பத்திர எழுத்தர் கேக்காமலே எழுதுவார்.