கும்பாபிஷேக மலருக்கு நான் ஏன் எழுதித் தரவில்லை

 கொஞ்சம் நீளமான பதிவு. இரண்டு வாரமாகப் பல பேர் போனில் விசாரித்துவிட்டீர்கள். தனித்தனியாகப் பதில் சொல்லி அலுத்துவிட்டது. எல்லாருக்கும் சேர்த்து இங்கேயே எழுதிவிடுகிறேன்.

நடந்தது இதுதான். எங்கள் குலதெய்வக் கோயிலுக்குக் கும்பாபிஷேகம் வருகிறது. மலர் போடுகிறார்கள். அண்ணன் மகன் வீட்டுக்கு வந்து, "அத்தை, நம்ம வம்ச வரலாறு ஒரு நாலு பக்கம் நீங்கதான் எழுதித் தரணும்" என்றான். சந்தோஷமாகச் சரி என்றேன். மறுநாள் வாட்ஸ்அப்பில் 'குறிப்புகள்' வந்தன. நம் முன்னோர் சோழர் படைத் தளபதிகளாம். கடல் கடந்து நாடு பிடித்தவர்களாம். சுற்றுப்பட்டு ஊர்க்காரர்கள் எல்லாம் நமக்கு ஊழியம் செய்ய வந்தவர்களாம். "இதுக்கெல்லாம் ஆதாரம் எங்கப்பா?" என்று கேட்டேன். "எல்லா குரூப்லயும் வந்திருக்கு அத்தை" என்றான்.

எழுத மாட்டேன் என்று சொல்லிவிட்டேன். அன்றிலிருந்து அண்ணன் வீட்டில் என்னோடு பேச்சு இல்லை. "ரிட்டையர் ஆகியும் டீச்சர் புத்தி போகலை" என்று சொன்னதாகக் கேள்விப்பட்டேன். போகாதுதான். முப்பத்தைந்து வருஷம் தப்பைச் சிவப்பு மையில் சுழித்த கை இது.

என் கோபம் பொய் எழுதச் சொன்னதற்காக மட்டும் இல்லை. உண்மையான புத்தகங்கள் இருக்கும்போது அவற்றைத் தொட்டுக்கூடப் பார்க்காமல் பொய்யை ஆர்ட் பேப்பரில் அச்சடிக்கிறோமே, அதற்காக.

நம் புதுக்கோட்டை வானம் பார்த்த பூமி. செம்மண்ணும் சரளையும் பாறையும்தான் நம் சொத்து. ஆனால் இவ்வளவு சின்ன ஊருக்கு இத்தனை வரலாற்று நூல்கள் இருப்பது பெரிய கொடுப்பினை. 1916-லேயே எஸ். ராதாகிருஷ்ண ஐயர் புதுக்கோட்டை சமஸ்தானத்தின் பொது வரலாற்றை எழுதிவிட்டார். 1929-ல் சமஸ்தானத்துக் கல்வெட்டுகள், ஆயிரத்துக்கும் மேல், மூல பாடத்தோடு புத்தகமாக அச்சாகின. 1938-லிருந்து 1944-க்குள் கே.ஆர். வேங்கடராம ஐயரின் 'மேனுவல்' தொகுதிகள் வந்தன. குளம், பஞ்சம், பயிர், சாதி, கோயில் என்று எல்லாம் அதில் உண்டு. ஊர் ஊராகவும் குறிப்பு உண்டு. 1987-ல் நிக்கலஸ் டர்க்ஸ் என்ற அமெரிக்கர் நம் தொண்டைமான் அரசைப் பற்றி 'தி ஹாலோ கிரவுன்' எழுதினார். 1994-ல் ஜோவான் வாகோர்ன் நம் அரண்மனையின் உடை, ஆபரணம், சடங்குகளை வைத்து ஒரு தனிப் புத்தகமே எழுதினார். நம் அருங்காட்சியகத்தில் காப்பாட்சியராக இருந்த ஜெ. ராஜா முகமது தமிழிலேயே மாவட்ட வரலாறு எழுதியிருக்கிறார். அமெரிக்காவிலிருந்து வந்து நம் ஊர்க் கோயில் திண்ணையில் உட்கார்ந்து கேட்டு எழுதிக்கொண்டு போகிறார்கள். இங்கேயே பிறந்த நமக்கு ஃபார்வர்டு போதும்!

டர்க்ஸ் புத்தகத்தில் என்ன இருக்கிறது தெரியுமா? சாதி வரிசை என்பது ஆதி காலத்திலிருந்து கல்லில் பொறித்தாற்போல மாறாமல் வந்தது அல்ல என்கிறார். ராஜா யாருக்கு இனாம் நிலம் கொடுத்தார், யாருக்குப் பட்டம் கொடுத்தார், எந்தக் கோயிலில் யாருக்கு முதல் மரியாதை, இவற்றை வைத்துத்தான் மேல் கீழ் உண்டானது என்கிறார். பிறகு வெள்ளைக்காரன் அதிகாரத்தை எடுத்துக்கொண்டு கிரீடத்தை மட்டும் விட்டுவைத்தான். அதனால்தான் புத்தகத்துக்கே 'உள்ளீடற்ற கிரீடம்' என்று தலைப்பு. இந்த ஒரு புத்தகத்தை ஒழுங்காகப் படித்தவன், பரிவட்டம் யாருக்கு முதலில் என்று கோயில் வாசலில் சண்டை போட மாட்டான்.

மேனுவலிலும் எனக்குக் குறை உண்டு. அது தர்பார் எழுத வைத்த புத்தகம். ராஜாவும் திவானும் பெரிதாகத் தெரிவார்கள், மண் சுமந்தவள் தெரிய மாட்டாள். ஆனால் கல்வெட்டுத் தொகுதியைத் திறந்தால் வேறு மாதிரி. ராஜாவின் புகழ்ச்சி முடிந்தபின் வருவது என்ன? நிலம் விற்றது, குளம் வெட்டியது, தூம்பு வைத்தது, தண்ணீர்ப் பங்கு. நம் கண்மாய்களில் இரண்டு கல்தூண் நிற்குமே, பிள்ளைகள் ஏறிக் குதிக்குமே, அதுதான் குமிழித்தூம்பு. மேலே நீரோடித் துளை, அடியில் சேறோடித் துளை. தண்ணீர் வயலுக்குப் போகும்போதே வண்டலும் வெளியேற வேண்டும் என்று கணக்குப் போட்டுச் செய்தது. சில தூண்களில் அதை நட்டுக் கொடுத்தவர் பெயரும் இருக்கிறது. வற்றாத ஆறு இல்லாத ஊரை ஆயிரம் வருஷம் பிழைக்க வைத்த வரலாறு அது. மலரில் வாளும் குதிரையும் போடுகிறீர்கள், இந்தத் தூணைப் போட யாருக்கும் தோன்றவில்லை.

"எல்லாச் சாதிக்காரனும்தான் போடுறான், நாம கொஞ்சம் பெருமையா எழுதினா என்ன குத்தம்?" என்று அண்ணன் கேட்டாராம். சொல்கிறேன். நான் வேலை பார்த்த கடைசி வருஷங்களில், ஏழாம் வகுப்புப் பையன்கள் கையில் கலர் கலராகக் கயிறு வந்தது. "யாருடா கட்டிவிட்டது?" என்றால், "நாங்க ஆண்ட பரம்பரை டீச்சர்" என்றான் ஒருவன். அவனுக்கு ஒன்பதாம் வாய்ப்பாடு வராது. அந்தப் பிள்ளை அதை எந்தப் புத்தகத்தில் படித்தான்? நம்மைப் போன்ற பெரியவர்கள் அச்சடித்த மலரிலும் பிளக்ஸிலும்தான்.

நம் மாவட்டத்தின் பெயர் நாடு முழுக்கப் பேசப்பட்டது எனக்குத் தெரிந்து இரண்டு தடவை. முதல் தடவை 1991-ல் அறிவொளி இயக்கம் வந்தபோது. ஷீலா ராணி சுங்கத் கலெக்டர். கல்குவாரியில் வேலை பார்த்த பெண்களும் வயலில் நின்ற பெண்களும் எழுத்தும் சைக்கிளும் ஒன்றாகப் பழகினார்கள். நானும் அப்போதுதான் பழகினேன். முழங்கால் தழும்பு இன்னும் இருக்கிறது. பி. சாய்நாத் 1996-ல் வந்த தன் புத்தகத்தில் இதை எழுதினார். வடநாட்டுப் பிள்ளைகள் எட்டாம் வகுப்பு இந்திப் பாடத்தில் புதுக்கோட்டைப் பெண்களின் சைக்கிளைப் பற்றிப் பல வருஷம் படித்தார்கள். இரண்டாவது தடவை 2022 டிசம்பர். வேங்கைவயல். பட்டியலின மக்கள் குடிக்கிற தண்ணீர்த் தொட்டியில் மலம் கலந்த செய்தி. தண்ணீருக்காகக் கல்லில் துளை போட்டுக் கணக்குப் பார்த்த ஊரில்!

இந்த இரண்டில் எது நம் வரலாறு என்று கேட்டால், இரண்டும்தான். இரண்டையும் எழுத முடியாத மலரில் என் பெயர் வேண்டாம்.

என் மேலும் தப்பு உண்டு. ஒளித்து என்ன ஆகப்போகிறது? இருபது வருஷம் முன்னால் எங்கள் ஓட்டு வீட்டைப் பிரித்தபோது பரணில் ஒரு டிரங்குப் பெட்டி கிடந்தது. பழைய முத்திரைத்தாள், கரையான் அரித்த ஓலை, தாத்தா எழுதிய வரவுசெலவு நோட்டு. கொத்தனார் காத்திருக்கிறார் என்று குப்பையோடு போட்டுக் கொளுத்தினேன். எந்த வருஷம் மழை பொய்த்தது, என்ன விலைக்கு நிலம் போனது, யாருக்கு எவ்வளவு கூலி என்று எல்லாம் அதில் இருந்திருக்கும். வகுப்பில் கங்கையும் யமுனையும் நடத்தினேன். பள்ளிக்கூடத்துக்குப் பின்னால் இருந்த கண்மாயைப் பற்றி ஒரு நாள்கூட நடத்தவில்லை. அந்தக் குற்ற உணர்ச்சியும் சேர்ந்துதான் இதை எழுத வைக்கிறது.

ஆகவே அண்ணன் மகனுக்கு என் பதில் இது. தம்பி, நாலு பக்கம் இல்லை, நாற்பது பக்கம் எழுதித் தருகிறேன். கோயில் குளத்தை யார் தூர் வாரினார்கள், பஞ்சத்தில் நம் வீட்டில் என்ன சாப்பிட்டார்கள், யார் கொழும்புக்கும் மலேயாவுக்கும் போனார்கள், யாரைக் கோயிலுக்குள் விடாமல் நிறுத்தினோம், எல்லாம் எழுதுவேன். கடைசி விஷயத்தையும் அச்சடிக்கச் சம்மதம் என்றால் நாளைக்கே பேனாவை எடுக்கிறேன்.

மற்ற பிள்ளைகளுக்கு வீட்டுப்பாடம். சிங்கப்பூர், துபாய், திருப்பூர் என்று எங்கே இருந்தாலும் அடுத்த தடவை ஊருக்கு வரும்போது திருக்கோகர்ணம் போங்கள். 1910-ல் தொடங்கிய அருங்காட்சியகத்தைப் பிள்ளைகளுக்குக் காட்டுங்கள். அப்படியே கிருஷ்ணமூர்த்தி – டோரதி இணையர் சேர்த்து வைத்த ஞானாலயா நூலகத்தையும் பாருங்கள். ஒரு லட்சத்துக்கு மேல் புத்தகம், சொந்தக் காசில்! கோயிலுக்கு ஆயிரம் நன்கொடை கொடுத்தால், நீங்கள் படித்த பள்ளிக்கூடத்துக்கு நம் ஊர் வரலாற்றுப் புத்தகம் ஒன்றும் வாங்கிக் கொடுங்கள். உங்கள் அப்பத்தாவும் அம்மாயியும் இருக்கும்போதே பக்கத்தில் உட்கார்ந்து கேட்டு, ஒரு நாற்பது பக்க நோட்டில் எழுதி வையுங்கள். பரணில் பெட்டி இருந்தால் தயவுசெய்து கொளுத்தாதீர்கள்.

எழுதியவர்கள் கீழே சொல்லுங்கள். நோட்டைத் திருத்தித் தருகிறேன். சிவப்பு பேனா இன்னும் இருக்கிறது.

அன்புடன்,
உங்கள் டீச்சர்