ஆடியவரே பயிற்சி தரட்டும்

ஆரணியில் பட்டுத்தறி நெய்கிறேன். மகள் கால்பந்து ஆடுகிறாள். "பொம்பளப் பிள்ளைக்கு இதில் என்ன எதிர்காலம்?" என்று தெருவில் கேட்கிறார்கள். நான் சொல்லும் பதில், மேமோல் ராக்கி.

கோவாக்காரரான அவர் இந்தியாவுக்காக ஆடியவர். 2017-இல் இந்திய மகளிர் அணியின் தலைமைப் பயிற்சியாளரானார். அந்தப் பதவிக்கு வந்த முதல் பெண் அவர்தான். அவரது பொறுப்பில், 2018-இல் நம் அணி ஒலிம்பிக் தகுதிப் போட்டியின் இரண்டாம் சுற்றுக்கு முதன்முறையாக முன்னேறியது. 2019-இல் விராட்நகரில் தெற்காசியக் கோப்பையை வென்றது.

பாவு அறுந்தால் எந்த இழையோடு எதைப் பிணைப்பது என்பது தறியில் உட்கார்ந்தவருக்குத்தான் தெரியும். பயிற்சியும் அப்படித்தான்: மாதவிடாய் நாளில் ஓடுவது, வீட்டில் அனுமதி வாங்குவது, கல்யாணப் பேச்சைத் தள்ளிப்போடுவது எல்லாம் ஆடிய பெண்ணுக்குத்தான் புரியும்.

தமிழகத்தில் அப்படிப்பட்ட பெண்களுக்குப் பஞ்சமில்லை. 2018-இல் கட்டாக்கில் மணிப்பூரை 2-1 என வீழ்த்தித் தேசிய மகளிர் கால்பந்துப் பட்டத்தை முதன்முறையாக வென்ற மாநிலம் இது. அந்த வீராங்கனைகளைக் காவல்துறை, ரயில்வே வேலைகளோடு மறந்துவிடக் கூடாது. பயிற்சியாளர் உரிமம் பெற அரசு அவர்களுக்குப் பணம் தர வேண்டும்; ஆரணி போன்ற சிறுநகரப் பள்ளிகளில் அவர்களை நியமிக்க வேண்டும்.