ஒரே ஷாட்டில் ஒரு பள்ளத்தாக்கு

டேவிட் மக்டூகலின் ‘ஸ்கூல்ஸ்கேப்ஸ்’ (2007) அன்றைய சித்தூர் மாவட்டத்தில், மதனப்பள்ளிக்கு அருகிலுள்ள ரிஷி வேலி பள்ளியில் எடுக்கப்பட்ட 77 நிமிட ஆவணப்படம். அதில் ஒவ்வொரு காட்சியும் ஒரே ஷாட். ‘பார்த்தல்’ என்ற எளிய செயலுக்கே அந்தப் படம் காணிக்கையாக்கப்பட்டிருக்கிறது.

மக்டூகல் அமெரிக்காவில் பிறந்து ஆஸ்திரேலியாவில் வாழ்பவர். உகாண்டாவின் ஜியே மக்களையும் கென்யாவின் துர்கானா மக்களையும் அவர்களுடனேயே தங்கிப் படமாக்கியவர். ஒதுங்கி நின்று உற்றுநோக்கும் கேமரா மட்டும் போதாது, எடுப்பவருக்கும் எடுக்கப்படுபவருக்கும் உள்ள உறவும் படத்தில் தெரிய வேண்டும் என்று 1970களிலேயே எழுதினார். மனைவி ஜூடித்துடன் சேர்ந்து முசூரியின் புகைப்படக்காரர்களைப் பற்றி ‘போட்டோ வாலாஸ்’ (1991) எடுத்தார். 1997 முதல் டேராடூனின் டூன் பள்ளியில் தங்கிப் பணியாற்றியதில் ஐந்து படங்கள் பிறந்தன. சீருடையின் நிறம், சாப்பாட்டுக்கூடத்து எவர்சில்வர் தட்டுகள், விடுதியில் படுக்கைகளின் வரிசை என மாணவரின் உடலைத் தினமும் தொடும் பொருள்களே ஒரு நிறுவனத்தின் குணத்தை உருவாக்குகின்றன என்பது அங்கே அவர் கண்டது. இதைச் ‘சமூக அழகியல்’ என்று அழைத்தார்.

ரிஷி வேலி வேறு வகையான இடம். பாறைக் குன்றுகள் சூழ்ந்த, மழை குறைந்த பள்ளத்தாக்கு அது. பள்ளியின் முயற்சியால் குன்றுகளில் மரங்கள் வளர்ந்தன. 1991இல் பள்ளத்தாக்கு பறவைகள் காப்பிடமாக அறிவிக்கப்பட்டது. மாலையில் மாணவர்கள் ஒன்றாக அமர்ந்து, சூரியன் மறைவதைப் பேசாமல் பார்ப்பது அங்குள்ள வழக்கம். ‘அஸ்தாசலம்’ என்று அதற்குப் பெயர். எந்தப் பாடத்தையும் சேராத, தேர்வு இல்லாத நேரம் அது. பார்ப்பதைக் கல்வியின் பகுதியாகவே வைத்திருக்கும் பள்ளிக்கு, பார்ப்பதையே வேலையாகக் கொண்ட கலைஞர் வந்தது பொருத்தமானது.

‘ஸ்கூல்ஸ்கேப்ஸ்’ படத்துக்கு ஊற்றுகள் இரண்டு. இரண்டுமே 1895இல் தொடங்கியவை. அந்த ஆண்டு மே மாதம், ரிஷி வேலி பள்ளியை நிறுவிய சிந்தனையாளர் ஜே. கிருஷ்ணமூர்த்தி மதனப்பள்ளியில் பிறந்தார். டிசம்பர் 28 அன்று பாரிஸில் சினிமாவின் முன்னோடிகளான லூமியேர் சகோதரர்கள் கட்டணம் பெற்றுத் தங்கள் படங்களைத் திரையிட்டனர். லூமியேர் படம் ஒவ்வொன்றும் ஏறத்தாழ 50 நொடி ஓடும். இடையில் வெட்டு இல்லை. குழந்தைக்கு உணவூட்டும் படத்தில், பின்னால் அசைந்த இலைகளைப் பார்த்தே அன்றைய மக்கள் வியந்தார்கள். யாரும் சுட்டிக்காட்டாத ஒன்றைக் கண் தானாகக் கண்டுகொள்வதே அந்த வியப்பு. மரத்தைப் பார்க்கும்போது அதன் பெயரும் பழைய நினைவும் குறுக்கே வந்து மரத்தை மறைத்துவிடுகின்றன என்று வாழ்நாளெல்லாம் பேசியவர் கிருஷ்ணமூர்த்தி. மலையாள இயக்குநர் ஜி. அரவிந்தன் 1985இல் அவரைப் பற்றியே ஆவணப்படம் எடுத்தார். அடுத்த ஆண்டு கிருஷ்ணமூர்த்தி மறைந்தார். மக்டூகல் படத்தில் அவர் இருப்பது பார்க்கும் முறையாக.

வெட்டாத ஷாட் பார்வையாளரிடம் பொறுமையைக் கேட்கிறது. முதல் சில நொடிகளில் “இது பள்ளி, இவர்கள் மாணவர்கள்” என்று மனம் பெயரிட்டு முடித்துவிடும். காட்சி அப்போதும் நீடிக்கிறது. பெயர் தீர்ந்த பிறகுதான் ஒரு சிறுவனின் தயக்கமும் வெளிச்சம் நகர்வதும் கண்ணில் படுகின்றன. ஓர் இடத்தின் நினைவு தங்கியிருப்பதும் இத்தகைய சிறு அசைவுகளில்தான். வெளி அடையாளங்கள் மாறிவிடும்: 2022 ஏப்ரலில் ஆந்திர மாவட்டங்கள் மறுசீரமைக்கப்பட்டன. திருப்பதி தனி மாவட்டமானது, மதனப்பள்ளியும் சித்தூரைவிட்டுப் பிரிந்தது. படத்திலுள்ள பிள்ளைகள் இன்று பெரியவர்கள். அன்றைய ஒரு நாளின் வேகமும் ஒலியும் மட்டும் மாறாமல் அந்த ஷாட்டுகளில் இருக்கின்றன.

தமிழும் தெலுங்கும் கலந்து புழங்கும் இந்த நிலத்தில், அலிபிரியிலிருந்து திருமலைக்கு ஏறும் படிகளும் சித்தூரின் மாந்தோப்புகளும் இதே பொறுமைக்குத் தகுதியானவை. திருவிழாவையும் கூட்டத்தையும் எடுக்க எல்லார் கையிலும் கேமரா உண்டு. ஆவணப்படம் எடுக்க வரும் இளைஞர்கள், தங்கள் ஊரில் ஒரு படிக்கட்டின் முன் ஐம்பது நொடி வெட்டாமல் நிற்கட்டும். அந்த ஊரைப் பற்றிய படம் அங்கிருந்து தொடங்கும்.